மேற்குப் பாதியின் விலை

வாசலிலேயே செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டுத்தான் உலகம்மாள் உள்ளே வந்தாள். "போட்டுக்கிட்டே வரலாம்மா, இது கோயில் இல்ல" என்று வக்கீலம்மா ஜெசிந்தா சொன்னதற்குச் சிரித்து வைத்தாளே தவிர, கால் கேட்கவில்லை. கோயில் இல்லைதான். ஆனால் எந்தக் கோயில் தரை இப்படிக் குளிர்ந்து, உள்ளங்காலில் ஏறி முழங்கால் வரைக்கும் வந்து நிற்கிறது? கோயிலில் சாமி ஒன்றும் பேசாது, நாம்தான் பேசிவிட்டு வரவேண்டும். இங்கே மேலே உட்கார்கிறவர் பேசுவார், பேசினால் பேசினதுதான், ரோடு போடு என்றால் போடவேண்டும், போட்ட ரோட்டைப் பெயர்த்து எடு என்றால் எடுக்கவேண்டும். அப்பேர்ப்பட்ட மனிதர் எப்படி இருப்பாரோ என்று மதுரை வந்து இறங்கியதிலிருந்து நினைத்து நினைத்து, கதவு திறந்து சிவப்புத் தலைப்பாகையும் வெள்ளிப்பூண் போட்ட தடியுமாக ஒருவர் வந்து நின்றதும் இரண்டு கையையும் தலைக்குமேல் தூக்கிக் கும்பிட்டும்விட்டாள். ஆனை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்பது அப்புறம்தான் புரிந்தது. அந்தத் தலைப்பாகைக்குப் பின்னால், கண்ணாடி போட்டு, லேசாகக் கூன் விழுந்து, கணக்கு வாத்தியார் மாதிரி ஒரு ஒல்லி மனிதர் வந்து, எழுந்து நின்ற எல்லாரையும் பார்த்துக் கைகூப்பிவிட்டு உட்கார்ந்தார். அவர் கைகூப்பியதுதான் அவளை உலுக்கிவிட்டது. நம்மைப் பார்த்தும் கும்பிடுகிறாரே இந்த மனிதர், இவர் முன்னால் எப்படி வாயைத் திறப்பது? திறக்காமல்தான் எப்படி இருப்பது?

திறக்கத்தானே கூட்டிவந்திருக்கிறார்கள். நேற்றுச் சாயங்காலம் ஆபீசில் வைத்து, அவள் புருஷன் வெள்ளத்துரை கீழே டீக்கடைக்குப் போயிருந்த நேரம் பார்த்து, வக்கீலம்மா குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "ஜட்ஜ் கேட்டா மட்டும் எந்திரிங்க. கேட்டா, உள்ளதைச் சொல்லிருங்க. உங்க ஊர் மொத்தமும் உங்க ஒரு வார்த்தையிலதான் நிக்குது." உள்ளதை. உள்ளது என்னவென்று அவளுக்குத் தெரியும், அதோ முன் பெஞ்சில் இரண்டு கையையும் தொடைக்கு நடுவில் செருகிக்கொண்டு உட்கார்ந்திருக்கிற அண்ணன் குத்தாலிங்கத்துக்குத் தெரியும், அண்ணன் பெண்டாட்டி சீதா மதினிக்குத் தெரியும், இப்போது வக்கீலம்மாவுக்கும் தெரியும். தெரியாத ஒரே ஆள், பின்னால் கதவோரம், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை கசங்கிவிடுமே என்று பெஞ்சில் சாயாமல் விறைப்பாக உட்கார்ந்திருக்கிற வெள்ளத்துரைதான். சொன்னால் ஊர் பிழைக்கும், சொன்ன நிமிஷத்தில் அந்த மனிதர் செத்துப்போவார். சாவது என்றால் மூச்சு நிற்பதா என்ன? எத்தனையோ வருஷமாக ஒருவர் நிமிர்ந்து நடக்கக் காரணமாக இருந்த ஒன்றைச் சட்டென்று உருவிவிட்டால் அப்புறம் அந்த ஆள் எதைப் பிடித்துக்கொண்டு நிற்பார்?

பேசிக்கொண்டிருக்கிறார்கள், வேறு யாருடைய கேஸோ, எல்லாம் இங்கிலீஷில். கறுப்பு அங்கி போட்டவர்கள் எழுந்திருக்கிறார்கள், குனிகிறார்கள், உட்காருகிறார்கள், ஒருத்தர் முகத்திலும் கோபம் இல்லை. ஊரில் வாய்க்கால் தண்ணீருக்கு மண்வெட்டியைத் தூக்குகிற விஷயத்தை இங்கே சிரித்துக்கொண்டே பேசுகிறார்கள். சுவரில் ஒரு பலகை, அதில் சிவப்பாக நம்பர் எரிகிறது. அது மாறி மாறி நம்முடைய நம்பருக்கு வரும் என்றார் வக்கீலம்மா. ஆவரைப்பட்டிக்கே இங்கே ஒரு நம்பர்தான். அந்த நம்பருக்குள் எத்தனை கிணறு, எத்தனை எலுமிச்சை, எத்தனை வீட்டுக் கல்யாணம். நாலுவழிச் சாலைக்கென்று அளந்து கல் நட்டபோது ஊரில் யாரும் குறுக்கே படுக்கவில்லை, ரோடு வந்தால் நல்லதுதானே என்றுதான் இருந்தார்கள், நியாயமான விலை தருவார்கள் என்றுதான் இருந்தார்கள். விலை வந்தது. ஒரு சென்டுக்கு ஒரு மூட்டை சிமெண்டுகூட வாங்க முடியாத விலை. எப்படிப் போட்டீர்கள் என்று கேட்டால், எடுத்து நீட்டினார்கள் ஒரு பத்திரத்தை. நிலத்துக்கு விலை என்ன என்று தெரியாவிட்டால், அதே ஊரில் கடைசியாக யார் யாருக்கு என்ன விலைக்கு விற்றார்கள் என்று பார்ப்பார்களாம். ஆவரைப்பட்டியில் யார் நிலம் விற்றார்கள்? யாரும் விற்கவில்லை. குத்தாலிங்கம் தன்னுடைய எலுமிச்சைத் தோட்டத்தில் மேற்குப் பாதியைத் தங்கச்சி உலகம்மாளுக்குக் கிரயம் எழுதிக்கொடுத்த ஒரே ஒரு பத்திரம்தான் இருந்தது. அந்த விலைதான் ஊருக்கே விலை.

அதை நினைத்தால் இப்போதும் அவளுக்கு மயிர்க்கூச்செறிகிறது. பயத்தாலா, வேறு எதனாலா என்று சொல்லத் தெரியவில்லை. ஒரு மனிதன் ஒரு மத்தியானத்தில் வாயில் வந்ததைச் சொல்லப்போக, அது இத்தனை மாடி ஏறி, இத்தனை பெரிய மேசைக்கு வந்து, கயிறு கட்டிய கட்டாக உட்கார்ந்திருக்கிறதே! அந்த மத்தியானம் வெள்ளத்துரை லாரியை விட்டு இறங்கி நேராக வீட்டுக்கு வந்திருந்தார். இந்தூர் லைன், நாக்பூர் லைன் என்று வருஷக்கணக்கில் ஓடிய வண்டி. அனுப்பிய பணமெல்லாம் நிலத்துக்கு என்றே அனுப்பிய பணம். முகம் கழுவக்கூட இல்லை, துண்டால் துடைத்துக்கொண்டே, "எங்க பாத்திருக்க நெலம்?" என்று கேட்டார். அவள் வாசல்படியில் நின்றாள். நிலம் எங்கே இருக்கிறது? பணம் போன இடம் அவளுக்குத் தெரியும். சின்ன மகள் நெஞ்சில் பிறந்ததிலிருந்தே ஓர் ஓட்டை, மூச்சு வாங்கி உதடு நீலமாகிப் போய், கேரளாவுக்குத் தூக்கிக்கொண்டு ஓடி, அறுத்துத் தைத்துப் பிழைக்கவைத்துக் கூட்டிவந்ததில் போனது. போனில் ஒருநாளும் ஒரு வார்த்தை அவள் சொல்லவில்லை. டிரைவர் வீட்டுப் பொம்பிளைகள் யாரும் சொல்லமாட்டார்கள். வண்டி ரோட்டில் இருக்கும்போது வீட்டுக் கவலை டிரைவர் காதில் விழக்கூடாது, விழுந்தால் அந்தக் கவலை ஸ்டியரிங்கில் போய் உட்கார்ந்துகொள்ளும் என்பார்கள். "பிள்ளைக்குக் காய்ச்சல், சரியாப் போச்சு" என்று சொல்வதோடு சரி. வண்டி நின்றதும் சொல்லிக்கொள்ளலாம் என்றிருந்தாள். அவருக்கோ ஒரு லோடு முடிந்தால் அடுத்த லோடு. வண்டி எங்கே நின்றது? கடைசியில் வண்டி நின்ற அன்று, சொல்லவேண்டிய வாய் ஒட்டிக்கொண்டது. தற்செயலாக எலுமிச்சைச் சாக்கோடு வந்த அண்ணன் அவள் முகத்தைப் பார்த்தான். ஒரே ஒரு பார்வை. "என்ன மாப்ள, ஒங்களுக்குத் தெரியாதா? என் தோட்டத்து மேக்குப் பாதியத்தான் பேசி முடிச்சிருக்கு. பத்திரம் பதியதுக்கு நீங்க வரட்டும்னு வச்சிருக்கோம்" என்றான். சாக்கை இறக்கி வைத்தான். தண்ணீர் கேட்டான். பாதித் தோட்டத்தைக் கொடுத்துவிட்டுத் தண்ணீர் கேட்ட மனிதனை அவள் அன்றைக்குத்தான் முதல்முதலாகப் பார்த்தாள், அத்தனை வருஷம் கூடப்பிறந்தவனாக இருந்தும்.

வெள்ளத்துரை பக்கத்தில் இல்லாத நேரம், தானமாக எழுதிவிடலாமே என்று பத்திர எழுத்தர் கேட்டதற்குக்கூட, "வேண்டாம். கிரயமா எழுதும். மச்சினன் போட்ட பிச்சைல ஏர் கட்டுதான்னு நாளைக்கு ஒருத்தன் மாப்ளையப் பாத்துச் சொல்லீரக் கூடாது" என்றான் அண்ணன். தொகை எவ்வளவு போட என்றால், ஸ்டாம்புச் செலவும் அவன்தானே போடவேண்டும், அரசாங்கத்து மதிப்பில் எது ஆகக் குறைவோ அதைப் போடச் சொன்னான். பணம் முன்னாலேயே கைமாறிவிட்டதாகப் பேச்சு. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தார்கள், சோறும் கொஞ்சமாகத்தான் இருந்தது, ஆனாலும் மறைந்துவிட்டது. வெள்ளத்துரை அன்றிலிருந்து நடக்கிற நடையே வேறு. நிலத்தில் கால் வைக்கும்போதே கழுத்து ஒரு விரற்கடை நீண்டுவிடும். பொய்யென்று நினைக்கும்போதெல்லாம் அந்தக் கழுத்து அவள் கண்ணில் வந்து நிற்கும், போகட்டும் என்று விட்டுவிடுவாள்.

அதுவும் போகட்டும். கீழ்க்கோர்ட்டில் அண்ணன் ஏன் அப்படிச் சொன்னான்? அங்கேதான் அவள் நினைப்பு போய்ப் போய் மாட்டிக்கொள்கிறது, முள்ளில் சேலை மாட்டின மாதிரி. அண்ணனுக்கும் தங்கச்சிக்கும் நடுவில் எழுதினதை விலை என்று எடுக்கக்கூடாது என்று ஊர் சார்பில் வக்கீல் வாதாடியிருக்கிறார். சரி, அந்தக் குத்தாலிங்கத்தையே கேட்போம் என்று கூண்டில் ஏற்றிக் கேட்டிருக்கிறார்கள், இந்தத் தொகையை வாங்கினீர்களா என்று. வாங்கவில்லை என்று ஒரு சொல் சொன்னால் முடிந்தது, அவனுடைய கிழக்குப் பாதிக்கும் சேர்த்து விலை ஏறும். ஆனால் அந்த அறையில் வெள்ளத்துரை நின்றார். அண்ணன் அவரைப் பார்த்துவிட்டு, "வாங்கினேன்" என்று சொல்லிவிட்டான். அடுத்து ஏறிய வெள்ளத்துரை சத்தியம் பண்ணி, "நான் வண்டி ஓட்டிச் சம்பாரிச்சு வாங்குனது" என்று கணீரென்று சொல்லியிருக்கிறார். கேஸ் தோற்றது. சீதா மதினி தலையில் அடித்துக்கொண்டு உலகம்மாள் வீட்டு வாசலுக்கே வந்து, "ஒங்க அண்ணன் ஒத்தச் சொல்லு சொல்லலியே! கேட்டா, குடுத்ததைச் சொல்லிக் காட்டுனா குடுத்ததாகுமாங்காரு. இதுக்கு என்ன பதில் நான் சொல்ல?" என்று அழுதாள். வாங்கினேன். வாங்கினேன். என்ன வாங்கினாய் அண்ணே? ஊரின் ஏச்சைத்தான் வாங்கினாய். அதிகாரிகளோடு கூடிக்கொண்டு விலையைக் கெடுத்தான், உள்ளுக்குள் ஏதோ பேசி முடித்திருக்கிறான் என்று டீக்கடையில் பேசுகிறார்கள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? அவன் கடைப்பக்கம் போவதையே விட்டுவிட்டான், கோயில் கொடைக்கு வரி கேட்டுக்கூட அவன் வாசலுக்கு யாரும் வரவில்லை.

நேற்று மதுரைக்கு வந்த பஸ் அந்த ரோட்டு வழியாகத்தான் வந்தது. உலகம்மாள் கண்ணை மூடிக்கொள்ளலாம் என்றிருந்தாள், முடியவில்லை. இத்தனை அகலமா ஒரு ரோடு இருக்கும்! அம்மாடி, அந்தப் பக்கம் போகிற வண்டிக்கும் இந்தப் பக்கம் போகிற வண்டிக்கும் சம்பந்தமே இல்லை, நடுவில் அரளி பூத்துக் கிடக்கிறது, ஒரு குழி இல்லை, மடியில் வைத்திருந்த தண்ணீர் பாட்டில் அசையவில்லை. நம் நிலத்தின்மேல்தான் உலகமே போகிறது என்று ஒரு பிரமிப்பு. கோபம் வரவேண்டிய இடத்தில் இப்படி வாயைப் பிளந்துகொண்டு பார்க்கிறோமே என்று வெட்கமாகவும் இருந்தது. மேற்குப் பாதி வந்ததும் வெள்ளத்துரை சன்னல் பக்கம் குனிந்து, பக்கத்தில் இருந்த முன்பின் தெரியாத ஒரு ஆளிடம், "இந்தா, இந்த எடம் நம்ம எடம். இந்தக் கை ஸ்டியரிங் பிடிச்சுச் சம்பாரிச்சது" என்றார். "அப்படியா" என்று அந்த ஆள் திரும்புவதற்குள் இடம் போய்விட்டது. முன்சீட்டில் இருந்த அண்ணன் திரும்பவே இல்லை, ஆனால் அவன் காது கேட்டுக்கொண்டிருந்தது, அவளுக்குத் தெரியும். நிலம் போயாகிவிட்டது, மரம் போயாகிவிட்டது, அந்த மனிதருக்கு மிச்சம் இருப்பது அந்த ஒரு வாக்கியம்தான். அதையுமா எடுப்பது? எடுக்காவிட்டால் அண்ணனுக்கு என்ன மிச்சம்?

பலகையில் நம்பர் மாறியது. வக்கீலம்மா எழுந்துவிட்டார், எழுந்த வேகத்தில் அங்கி பறந்து அடங்கியது. உலகம்மாள் காதைத் தீட்டிக்கொண்டாள். ஒன்றும் புரியவில்லை, ஆனால் இங்கிலீஷுக்கு நடுவில், ஓடையில் தெரிந்த கல் மாதிரி, ஆவரைப்பட்டி என்று வந்தது, குத்தாலிங்கம் என்று வந்தது, தன் பெயரும் வந்தது. தன் பெயரை அந்த இடத்தில் கேட்டபோது தான்தானா அது என்று தொட்டுப் பார்த்துக்கொள்ளத் தோன்றியது. எதிர்த்தரப்பில் அரசாங்க வக்கீல், சின்ன வயசு, பார்த்தால் நல்ல வீட்டுப் பிள்ளை. அவரும் எழுந்து பத்திரத்தைத் தூக்கிக் காட்டிப் பேசினார். ஜட்ஜ் இருவரையும் கேட்டார், தாளைப் புரட்டினார், கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் தேய்த்தார். கேட்காமல் விட்டுவிடுவாரோ? கேட்காமல் விட்டுவிட்டால் நல்லது. கேட்காவிட்டால் எல்லாம் போச்சு. கேட்கட்டும். ஐயோ, கேட்க வேண்டாம்.

"அந்த உலகம்மாள் வந்திருக்காங்களா?"

தமிழ். அவ்வளவு உயரத்திலிருந்து தமிழ் வந்தது. கால் தானாக எழுந்துவிட்டது.

"பயப்படாம சொல்லுங்கம்மா. இந்த மேற்குப் பாதியை உங்க அண்ணனுக்குப் பணம் குடுத்துத்தான் வாங்கினீங்களா?"

முன் பெஞ்சில் அண்ணன் கழுத்து திரும்பியது. தலையை அசைத்தான், சொல்லாதே என்று, யாருக்கும் தெரியாத மாதிரி, சின்னதாக. இந்த இடத்திலுமா அண்ணே? இத்தனை பேர் உன்னைத் திருடன் என்று பேசின பிற்பாடுமா? அவளுக்கு அந்த நிமிஷம் ஜட்ஜ் சின்னவராகத் தெரிந்தார், கட்டடம் சின்னதாகத் தெரிந்தது, அந்த நாலுவழிச் சாலைகூடச் சின்னதாகத் தெரிந்தது. இப்படி ஒருவன் கொடுக்க முடியுமா, கொடுத்ததை இப்படி மறைக்க முடியுமா? இவன் வாய் திறக்கமாட்டான். சாகும்வரை திறக்கமாட்டான். நான் திறந்தால்தான் உண்டு.

"இல்லைங்கய்யா. காசு குடுக்கல. அண்ணன் சும்மா குடுத்தாக."

"பணம் வாங்கியாச்சுன்னு பத்திரத்துல இருக்கே?"

"எங்க வீட்டுக்காரருக்குக் கொறவா இருக்கக் கூடாதுன்னு அப்படி எழுதினாக. அவுகளுக்குத் தெரியாது."

அரசாங்க வக்கீல் எழுந்து ஏதோ சொன்னார். ஜட்ஜ் தலையாட்டிவிட்டு அவளைப் பார்த்தார். "உங்க கணவர் கீழ்க்கோர்ட்டுல சத்தியம் பண்ணியிருக்காரேம்மா, தன் சம்பாத்தியத்துல வாங்கினதுன்னு? அவர் அனுப்பின பணம் எங்கே போச்சு?"

"பிள்ளைக்குப் போச்சுங்கய்யா. சின்னவளுக்கு நெஞ்சுல ஓட்டை. அறுத்துத் தச்சாங்க. அவுக வண்டியில இருந்தாக. வண்டி ஓட்டுறவுககிட்டச் சொல்லக் கூடாதுல்லா? அப்புறம்... சொல்ல முடியாமப் போயிட்டு."

ஜட்ஜ் தாளில் ஏதோ குறித்துக்கொண்டு நிமிர்ந்தார்.

"கணவர் வந்திருக்காரா?"

பின்னால் பெஞ்சு கிரீச்சிட்டது. அவள் திரும்பவில்லை. திரும்ப முடியவில்லை. எழுந்துவிட்டார் என்று மட்டும் தெரிந்தது.

"நீங்க அன்னைக்குச் சொன்னது வேற, இவங்க இப்ப சொல்றது வேற," என்றார் ஜட்ஜ். "நீங்களும் இதையே சொன்னா, இந்தப் பத்திரத்தை ஒதுக்கி வச்சுட்டு வேற வகையில விலையைப் பார்ப்பேன். இல்லேன்னா இதுதான் விலை. அவசரம் இல்ல, யோசிச்சுச் சொல்லுங்க."

அவசரம் இல்லை என்றுவிட்டாரே. எவ்வளவு நேரம் கொடுத்தால் ஒரு மனிதர் இதை யோசித்து முடிப்பார்? இல்லை என்று சொல்லட்டும், அவருக்கு உரிமை இருக்கிறது, என்னை எல்லார் முன்னாலும் பொய்க்காரி என்று சொல்லட்டும், அப்படியாவது கழுத்து நிமிர்ந்தே இருக்கட்டும். ஐயோ, ஊர். ஐயோ, அண்ணன். வெளியே போய்விட்டாரோ? மூச்சுச் சத்தம்கூடக் கேட்கவில்லையே.

"நான் பொய் சொல்லலைங்க," என்றது அந்தக் குரல், லாரிக்காரக் குரல், எஞ்சின் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகின குரல், கூடம் முழுக்க அடித்தது. "தெரிஞ்சதைச் சொன்னேன். இப்பத்தான் எனக்கே தெரியும்."

"அப்ப இவங்க சொல்றது நிஜம்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டார் அரசாங்க வக்கீல், இந்தத் தடவை தமிழில்.

அந்தக் குரல் இப்போது தாழ்ந்து வந்தது.

"எம் மச்சானைப் பாருங்க சார். வெலைக்கு வித்தவன் நிமிந்து உக்காந்திருப்பான். குடுத்தவன்தான் இப்படித் தலையக் குனிஞ்சுக்கிட்டு இருப்பான்." குரல் உடைந்தது, மறுபடியும் ஏறியது. "எழுதிக்கோங்கய்யா. காசு குடுக்கல. ஆனா இவ சொன்னதுல ஒண்ணு தப்பு. தங்கச்சிக்குன்னு குடுக்கல அவரு. எனக்குக் குடுத்தாரு."

உலகம்மாள் அப்போதுதான் திரும்பினாள். வெள்ளத்துரை அவளைப் பார்க்கவில்லை. தலைப்பாகைக்காரர் தடுக்க வந்தார், ஜட்ஜ் கையை லேசாக அசைத்ததும் நின்றுவிட்டார். பெஞ்சுகளைக் கடந்து, வக்கீல்களின் கால்களைத் தாண்டி, அவர் முன்னால் வந்து, நகரு என்றுகூடச் சொல்லாமல், அண்ணனுக்குப் பக்கத்தில் நெருக்கி உட்கார்ந்துகொண்டார்.